ஐயம்

அந்த ஒலியை முதன்முதலில் கேட்டபோது, கீழே பட்டறையில் யாரோ அரம் போடுகிறார்கள் என்றுதான் நினைத்தேன். ஈக்காட்டுத்தாங்கலில் அப்படி நினைப்பதற்கு நேரங்காலம் கிடையாது. எங்கள் தெருவில் மட்டும் மூன்று லேத்துப் பட்டறைகள். கிண்டித் தொழிற்பேட்டைக்கு வேண்டிய சில்லறை உருப்படிகளை நள்ளிரவு தாண்டியும் கடைந்துகொண்டிருப்பார்கள். ஒருபுறம் கண்ணாடிச் சுவர் எழுப்பிய கணினி நிறுவனங்கள், தலைக்கு மேலே மெட்ரோ ரயில், இரண்டுக்கும் நடுவே இரும்புச் சுருள் கொட்டிக் கிடக்கும் சந்துகள். இதுதான் எங்கள் பேட்டை. ஆனால் அன்று ஞாயிற்றுக்கிழமை. பட்டறை பூட்டியிருந்தது. எழுந்து விளக்கைப் போட்டேன். கட்டிலுக்கடியில் பூனை முன்னங்கால்களை மடக்கி, முழங்கைகளை வெளிப்பக்கம் விரித்து, கழுத்தைத் தரையோடு தரையாக நீட்டி இருமிக்கொண்டிருந்தது. ஏழெட்டு முறை இருமிய பிறகு எதையோ விழுங்கியது. அப்புறம் ஒன்றுமே நடவாததுபோல் பாதத்தை நக்கத் தொடங்கியது.

"முடி சிக்கிக்கிச்சுங்க. பூனைன்னா அப்படித்தான்" என்றாள் மனைவி, கண்ணைத் திறக்காமலே.

இது நடந்தது 2019ஆம் ஆண்டு ஆடி மாதத்தில். பூனை அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பே எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டது. வந்தது என்பதைவிட, அடையாறு கொண்டுவந்து போட்டது என்பதே சரி. 2015 டிசம்பர் வெள்ளத்தில் ஆறு எங்கள் தெருவுக்குள் நுழைந்து, மாடிப்படியின் ஏழாம் படிவரை நின்றது. நீர் வடிந்த காலையில், சேறு படிந்த படியொன்றில் ஒரு கைப்பிடிச் சாம்பல் போலக் கிடந்தது குட்டி. "வெள்ளத்துல தப்பி வந்தத வெரட்டக் கூடாதுப்பா" என்று அம்மா சொன்னதால் அது உள்ளே வந்தது. பெயர் வைக்கும் உரிமை எனக்கே உண்டு என்று நினைத்து, தொல்காப்பியத்தின் மரபியல் வெருகைப் பூசை என்றும் வழங்க இடங்கொடுப்பதைச் சொல்லி, 'பூசை' என்றே அழைக்கலாம் என்றேன். "வெள்ளிக்கிழமை வெளக்கேத்திட்டு, பூசைக்குப் பால் வெச்சாச்சான்னு யாரு கேட்டுக்கிட்டு இருக்கறது?" என்று அம்மா ஒரே வரியில் தள்ளுபடி செய்தார். மகள் 'சாம்பி' என்றாள். முதுகலைத் தமிழ் படித்தவன் பெயர்சூட்டும் போட்டியில் ஆறு வயதுப் பெண்ணிடம் தோற்றது அவ்வாறு.

முடிக்கொள்கைக்கு எங்கள் வீட்டில் சில மாத ஆயுள் இருந்தது. பாதத்தில் தேங்காயெண்ணெய் தடவி நக்க விட்டோம். சீப்பு வாங்கி வாரினோம். ஒரு குழாய்ப் பசையை விலை கொடுத்து வாங்கி ஊட்டினோம். முடியுருண்டை ஒருமுறைகூட வெளியே வரவில்லை. ஓங்கரித்து முடியைக் கக்கும் பூனைக்கும் இருமும் பூனைக்கும் உள்ள வேறுபாடு கண்ணால் பார்த்தாலே தெரிவது. கக்கும்போது வயிறு சுருங்கும், கடைசியில் ஏதேனும் தரையில் விழும். இருமும்போது கழுத்து நீளும், தரையில் எதுவும் விழாது. இதை இன்று எழுதுவது எளிது. அன்று எங்களுக்குத் தெரிந்திருந்தது ஒரு முடிவு மட்டுமே. பார்ப்பதையெல்லாம் அந்த முடிவுக்குள் போட்டு அடைத்துக்கொண்டிருந்தோம்.

இருமல் வாரத்துக்கு நான்கு முறை என்றானபோது, அருகில் ஒரு கால்நடை மருத்துவரிடம் கொண்டுபோனோம். அவர் சளி என்றார். ஐந்து நாள் நுண்ணுயிர்க்கொல்லி. நிற்கவில்லை. அடுத்து, நீண்ட நாள் வேலை செய்யும் ஸ்டீராய்டு ஊசி ஒன்று. மந்திரம் போட்டாற்போல் நின்றது. மூன்றாம் வாரம் திரும்பியது. மறுபடியும் அதே ஊசி, மறுபடியும் அதே மூன்று வாரம். என்ன நோய்க்கு இந்த ஊசி என்று கேட்டேன். "நின்னுடுச்சில்ல சார்?" என்றார். பதில் சொல்லத் தெரியாமல் ஆட்டோவில் திரும்பினேன். அவரைக் குறை சொல்லவும் மனம் வரவில்லை. ஒரு நாளைக்கு நாற்பது நாய்களையும் பத்துப் பூனைகளையும் பார்ப்பவரிடம், மூன்று வாரம் நிம்மதி வாங்கிக்கொண்டு வந்தவன் நான்தான்.

இரண்டாவதாகப் பார்த்த மருத்துவர் வேப்பேரியில் படித்தவர். 1903இல் தொடங்கிய அந்தக் கல்லூரியைப் பற்றிப் பேசும்போது அவர் குரலில் ஒரு பழைய மாணவரின் செருக்கு இருந்தது. எனக்கு அது பிடித்தது. பூனையைத் தொடுவதற்கு முன் அவர் செய்த முதல் காரியம், கூடையைத் திறந்து வைத்துவிட்டு, கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி ஐந்து நிமிடம் சும்மா உட்கார்ந்திருந்தது. சாம்பியின் விலா ஏறி இறங்குவதை எண்ணிக்கொண்டிருந்தார். அசையாமல் ஓய்ந்திருக்கும் பூனை நிமிடத்துக்கு முப்பது முறைக்குமேல் மூச்சு விடக் கூடாது என்றார். மருத்துவமனை பயத்தில் கூடுதலாக இருக்கும் என்பதால், வீட்டில் தூங்கும்போது எண்ணி எழுதி வரச் சொன்னார். மகளுக்கு அன்று முதல் ஒரு நோட்டும் பென்சிலும் வேலையாயின. முப்பத்தெட்டு, நாற்பத்தொன்று, முப்பத்தாறு என்று அவள் எழுதிய பக்கம் இன்னும் என்னிடம் இருக்கிறது.

எக்ஸ்ரே எடுத்தார்கள். மூச்சுக்குழல்களின் சுவர் தடித்திருந்ததால், குறுக்குவாட்டில் தெரிந்தவை சிறு வளையங்களாகவும், நெடுக்குவாட்டில் தெரிந்தவை இணைகோடுகளாகவும் படத்தில் விழுந்திருந்தன. பழைய டிராம் தண்டவாளம் போல இருந்தது. சரி, இதுதான் நோய் என்று நான் மூச்சு விட்டேன். அவர் தலையசைத்தார்.

"இது வீட்ட வெளிய நின்னு பாக்கற மாதிரி சார். சுவர் தடிப்பா இருக்குன்னு தெரியுது. உள்ள யாரு இருக்காங்கன்னு தெரியல."

உள்ளே இருக்கக்கூடியவர்கள் யார் என்று அவர் விளக்கினார். ஒவ்வாமையால் வரும் இளைப்பு என்றால், மூச்சுக்குழலுக்குள் ஈஸினோஃபில் என்ற வெள்ளையணு குவிந்திருக்கும். நாட்பட்ட மூச்சுக்குழல் அழற்சி என்றால் நியூட்ரோஃபில் என்ற வேறு வெள்ளையணு. கிருமித் தொற்று என்றால் அந்த நியூட்ரோஃபில்களின் வயிற்றுக்குள்ளேயே கிருமி தென்படும். நத்தைகளின் உடலில் வளர்ந்து, நத்தையைத் தின்ற எலி, பல்லி வழியாகப் பூனைக்குள் வரும் நுரையீரல் புழு என்றால், அதன் நுண்ணிய குடம்பி நெளியும். (எங்கள் வீட்டுப் பல்லிகளைச் சாம்பி என்ன செய்கிறது என்று அவர் கேட்டார், நான் உண்மையைச் சொன்னேன்.) வெளியே நிற்பவனுக்கு எல்லாம் ஒரே இருமல்தான். இளைப்புக்குக் கொடுக்கும் ஸ்டீராய்டு, கிருமித் தொற்றில் கேடு செய்யும். இரண்டு ஊசி போட்டும் கேடு வராதது நல்வாய்ப்பு. ஆனால் அதையே ஆதாரமாகக் கொள்ள முடியாது.

ஆகவே, மயக்கம் கொடுத்து, மூச்சுக்குழலுக்குள் சிறிது உப்புநீரை விட்டு, உடனே உறிஞ்சி எடுத்து, அதில் மிதந்து வரும் அணுக்களை எண்ண வேண்டும். மனிதர்களின் நுரையீரலை இப்படிக் கழுவி அணுக்களை ஆராய்ந்து அமெரிக்காவில் ரெனால்ட்ஸ், நியூபால் என்ற இருவர் 1974இல் எழுதிய கட்டுரைக்குப் பிறகு பரவிய முறை இது. பின்னர் நாய்க்கும் பூனைக்கும் குதிரைக்கும் வந்தது.

சித்த மருத்துவத்தில் வளி, அழல், ஐயம் என மூன்று சொல்வார்கள். வாதம், பித்தம், கபம் என்பவற்றின் தமிழ். அங்கே ஐயம் என்றால் கோழை. நம் அன்றாட வழக்கில் ஐயம் என்றால் சந்தேகம். ஆத்திசூடி படிக்கும் குழந்தை முதலில் அறிவது பிச்சை என்ற மூன்றாவது பொருளை. ஒரே வடிவத்தில் மூன்று சொற்கள். இருபது ஆண்டுகளாக வகுப்பில் இதைப் பலபொருள் ஒருமொழிக்கு எடுத்துக்காட்டாகக் கரும்பலகையில் எழுதி வந்திருக்கிறேன். ஐயத்தை எடுத்துப் பார்த்துத்தான் ஐயம் தீர்க்க வேண்டும் என்று ஒருவர் என் முன்னால் உட்கார்ந்து சொல்லும்வரை, அந்த எடுத்துக்காட்டு என்னைத் தொட்டதில்லை.

இதற்குள் ஒரு சிக்கல் இருந்தது. முன்பு போட்ட ஸ்டீராய்டு ஊசி, ஈஸினோஃபில்களை மறைத்துவிடும். அதன் வேகம் முழுக்க இறங்கும்வரை காத்திருந்தால்தான் கழுவுநீர் உண்மையைச் சொல்லும். ஐந்து வாரம் என்றார் மருத்துவர். அதுவரை குழல்களை விரிக்கும் மருந்து மட்டும் கொடுக்கலாம். அது அணுக்களை மறைக்காது. அதாவது, தடுக்கக்கூடிய இருமலைத் தடுக்காமல், உண்மை வெளியே வரட்டும் என்று ஐந்து வாரம் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். மூன்றாம் வார இறுதியில் ஒரு விடியற்காலை, சாம்பி வாயைத் திறந்து மூச்சு விட்டது. நாய் வாய் திறந்து இரைப்பது இயல்பு. பூனை அப்படிச் செய்யலாகாது. மருந்தைக் கொடுத்து, மின்விசிறியின் கீழ் வைத்து, முக்கால் மணி நேரம் மூவரும் அதைச் சுற்றி உட்கார்ந்திருந்தோம். "ஊசியே போட்ருலாங்க. என்ன நோய்னு தெரிஞ்சி என்ன ஆகப்போவுது" என்றாள் மனைவி. எனக்கும் அப்படித்தான் தோன்றியது. கல்லூரியில் உடன் பணிபுரியும் நண்பர் வேறு, "தெருப்பூனைக்கு நுரையீரல் சலவையா சார்?" என்று சிரித்திருந்தார். செலவு என் ஒரு வாரச் சம்பளம். மயக்க மருந்தில் பூனை எழாமலே போகவும் கூடும் என்று மருத்துவரே ஒளிக்காமல் சொல்லியிருந்தார்; இளைப்புள்ள பூனையின் குழல்கள் தொட்டாற்சிணுங்கி போல, நீர் பட்டதும் இறுகிக்கொள்ளலாம்.

அம்மா அதுவரை இந்த விவகாரத்தில் எங்களுக்கு எதிர்க்கட்சி. பூனையை 'சனியனே' என்றுதான் கூப்பிடுவார். அன்று காலை அவர்தான் பேசினார்.

"உங்கப்பாவுக்கு யாரும் உள்ள பாக்கல. இதுக்காவது பாரு."

அப்பா கிண்டியில் ஒரு பட்டறையில் கடைசல்காரராக இருந்தார். 1986இல், எனக்கு எட்டு வயது, அவருக்கு இருமல் வந்தது. பகலில் அவ்வளவாக இருக்காது. நள்ளிரவுக்குமேல் தொடங்கி விடியும்வரை படுக்க விடாது. சுவரில் சாய்ந்து உட்கார்ந்தபடி அவர் இருமுவதைக் கேட்டுக்கொண்டே தூங்கிய இரவுகள் எனக்கு நினைவிருக்கின்றன. உடல் மெலிந்தது. மாலையில் காய்ச்சல். படம் எடுத்தபோது நுரையீரல் முழுக்கத் தினை இறைத்தாற்போலப் புள்ளிகள். காசநோய் என்றார் பார்த்த மருத்துவர். சளியைச் சோதித்தபோது கிருமி இல்லை என்று வந்ததாம். கிருமி ஒளிந்திருக்கும் என்றாராம். மூன்று மாதம் நாள் தவறாமல் ஸ்ட்ரெப்டோமைசின் ஊசி. வீட்டில் அப்பாவுக்குத் தனித் தட்டு, தனி டம்ளர். எங்களைத் தொட மாட்டார். இருமல் அப்படியே இருந்தது.

கடைசியில் சைதாப்பேட்டையில் ஒரு வயதான மருத்துவர், ஊசிக்கணக்கு எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, விரல்நுனியில் ஒரு சொட்டு ரத்தம் எடுத்தார். மறுநாள், "இது டீபீயே இல்லம்மா, ஈஸ்னோபீலியா" என்றார். மூன்று வார மாத்திரை. முதல் வாரத்திலேயே அப்பா படுத்துத் தூங்கினார். தனித்தட்டை அம்மா பழையபடி அடுக்கில் கலந்து வைத்தார். ஆனால் அப்பாவின் காது அதன்பின் சரியாகக் கேட்கவில்லை. ஸ்ட்ரெப்டோமைசின் செவிநரம்பைத் தாக்கக்கூடிய மருந்து என்பது எல்லா மருத்துவ நூல்களிலும் இருப்பது. லேத்துச் சத்தத்தில் போன காது என்று பட்டறையில் சொன்னார்கள். ஊசியால் போன காது என்று அம்மா சொன்னார். எது உண்மை என்று சொல்ல இப்போது வழியில்லை. படியேறினால் இரைக்கும் மூச்சும் கடைசிவரை இருந்தது. 2011இல் காலமானார்.

ஈஸ்னோபீலியா என்ற சொல்லுக்குத் தமிழ்நாட்டில் எழுத்தறியாத பாட்டிகளிடமும் புழக்கம் உண்டு. இச்சொல் எப்படி நம் அடுப்படிவரை வந்தது என்ற அரிப்பு எனக்கு நெடுநாளாக உண்டு; சாம்பிக்காகக் காத்திருந்த அந்த வாரங்களில்தான் தேடிப் படித்தேன். அன்றைய சென்னை மாகாணத்தைச் சேர்ந்த மதனப்பள்ளிக்கு அருகே ஆரோக்கியவரத்தில் ஒரு காசநோய் மருத்துவமனை இருந்தது. அங்கே காசம் என்று அனுப்பப்பட்டு வந்தவர்களில் சிலருக்குச் சளியில் கிருமியே இல்லாமலும், ரத்தத்தில் ஈஸினோஃபில்கள் பெருகியும் இருப்பதைக் கவனித்து, இது காசம் போலத் தோன்றும் வேறு நோய் என்று ஃப்ரிமோட்-மோலர், பார்ட்டன் என்ற இரு மருத்துவர்கள் 1940இல் எழுதினார்கள். 1943இல் வைங்கார்ட்டன் என்பவர் அதற்கு வெப்பமண்டல ஈஸினோஃபீலியா என்று பெயர் வைத்தார். பின்னாளில்தான் காரணம் தெரிந்தது: கொசுவழி உடலுக்குள் வந்து யானைக்கால் நோயைத் தரும் அதே புழுவின் நுண்குஞ்சுகள் நுரையீரலில் சிக்கிக்கொள்ள, அவற்றை அழிக்கக் கிளம்பும் உடலின் மிகைச்சினமே இந்த நோய். யானைக்காலுக்குக் கொடுக்கும் டைஎத்தில்கார்பமசின் மாத்திரையே இதற்கும் மருந்தானது. அடையாற்றங்கரையில் குடியிருந்து, கொசுக்கடி வாங்கி, இரவில் இருமியவருக்கு அந்தப் பெயர் முதலில் தோன்றியிருக்க வேண்டும். 1940இலேயே அச்சான செய்தி, 1986இல் எங்கள் தெருவுக்கு வந்து சேர்ந்திருக்கவில்லை.

என்னை வெகுநேரம் பக்கத்தைப் புரட்டாமல் உட்கார வைத்தது வேறொரு கட்டுரை. சேத்துப்பட்டில் இருந்த காசநோய் ஆய்வு மையத்து மருத்துவர்களும் அமெரிக்க ஆய்வாளர்களும் சேர்ந்து, இதே ஈஸ்னோபீலியா நோயாளிகளின் நுரையீரலை உப்புநீரால் கழுவி, அதில் மிதந்த அணுக்களை எண்ணி எழுதியது. கழுவுநீர் அணுக்களில் ஏறத்தாழப் பாதி ஈஸினோஃபில்கள். மாத்திரை தொடங்கிய இரு வாரங்களுக்குள் அவை வெகுவாகக் குறைந்துபோயின. வெளிவந்த ஆண்டு 1987. அதாவது, எங்கள் வீட்டிலிருந்து பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர் தொலைவில், அப்பா சுவரில் சாய்ந்து இருமிய அதே காலத்தையொட்டி, அப்பாவைப் போன்றவர்களின் நுரையீரலுக்குள் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். 1990இல் வந்த தொடர் ஆய்வு ஒன்று, மருந்துக்குப் பிறகும் சிலருக்கு அழற்சி அடங்காமல் தங்கிவிடுவதைச் சொல்கிறது. படியேறினால் இரைத்த அந்த மூச்சு.

அப்பாவுக்கு அந்தக் கழுவல் தேவையிருக்கவில்லை. ஒரு சொட்டு ரத்தம் போதுமாயிருந்தது. மூன்று மாதமாக யாருக்கும் அதை எடுத்துப் பார்க்கத் தோன்றவில்லை, அவ்வளவுதான்.

2020 பிப்ரவரியில் ஒரு வியாழக்கிழமை காலை சாம்பியைக் கொண்டுபோனோம். முதல்நாள் இரவிலிருந்து பட்டினி. கதவின் கண்ணாடி வழியாகப் பார்க்க என்னை அனுமதித்தார்கள். குழல் விரியும் ஊசி முதலில். முகத்தின் அருகே ஆக்சிஜன். பிறகு மயக்க மருந்து. கை தளர்வதுபோல் உடல் முழுக்கத் தளர்ந்தது. பூனையின் குரல்வளை தொட்டால் இறுகிவிடக்கூடியது என்பதால், அதன்மேல் மரப்பு மருந்து ஒரு சொட்டு விட்டுவிட்டு, கிருமி நீக்கிய குழாயை வாயின் பக்கங்களில் எங்கும் படாமல் உள்ளே இறக்கினார் மருத்துவர். வாயில் பட்டுவிட்டால் வாயின் கிருமிகளும் கூடவே போய்விடும். அப்புறம் நுரையீரலில் இருப்பது எது, வாயில் இருப்பது எது என்று தெரியாது. அந்தக் குழாய்க்குள் இன்னும் மெல்லிய குழாய். ஊசிக்குழலில் உடற்சூட்டுக்கு வெதுவெதுப்பாக்கிய உப்புநீர், ஒரு தேக்கரண்டி அளவு. உள்ளே தள்ளினார். உடனே உறிஞ்சினார். ஒரு உதவியாளர் விலாவைக் குழிந்த உள்ளங்கையால் மெல்லத் தட்டினார். வந்தது பாதிகூட இல்லை. மீதியை நுரையீரலே உறிஞ்சிக்கொள்ளும், அதனால் தீங்கில்லை. மறுபடி ஒருமுறை. இம்முறை வந்த நீரின்மேல் நுரை படிந்திருந்தது. மருத்துவர் அதை வெளிச்சத்துக்கு நேரே தூக்கிக் கண்ணாடிப் பக்கம் காட்டினார். அந்த நுரை ஆழத்து மூச்சுச் சிற்றறைகளிலிருந்து வரும் வழவழப்புப் பொருளால் உண்டாவது. நுரைத்தால் சரியான இடத்து நீர் என்று பொருளாம். கலங்கிய, மோர்த்தண்ணீர் போன்ற சிறிதளவு நீர். ஐந்து வாரம் காத்துக் கிடந்தது அதற்குத்தான்.

திடீரென்று எந்திரத்தின் ஒலி மாறியது. ஆக்சிஜன் இறங்கிக்கொண்டிருந்தது. மருத்துவர் என்னைப் பார்க்கவில்லை. நான் இருப்பதை மறந்துவிட்டார் என்பது தெரிந்தது. அவர் கை ஏதோ ஊசியை எடுத்தது. பையைப் பிசைந்து காற்றுக் கொடுத்தார்கள். எவ்வளவு நேரம் என்று எனக்குத் தெரியாது. 'சும்மா ஊசி போட்டிருக்கலாம்' என்ற சொல் என் தலைக்குள் வந்து வந்து போனது. வெளியே நாற்காலியில் அம்மா மடியில் காலிக் கூடையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவரிடம் என்ன சொல்வது என்று வாக்கியம் அமைத்துக்கொண்டிருந்தேன் என்பதை வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன். பிறகு ஒலி பழையபடி மாறியது. அரைமணி கழித்து, ஆக்சிஜன் கூண்டுக்குள் சாம்பி தலையைத் தூக்கி, எங்களை அடையாளம் தெரியாததுபோல் பார்த்தது.

அம்மாவிடம் எல்லாவற்றையும் விளக்கினேன். கேட்டுவிட்டு, "அரிசி களஞ்ச தண்ணியப் பாத்து அரிசி எப்படின்னு சொல்ற மாதிரி" என்றார். இதைவிடத் தெளிவாக ஒரு பாடநூலும் எழுதியதாக எனக்குத் தெரியவில்லை.

அந்த நீரைப் பல மணி நேரம் சும்மா வைத்திருக்க முடியாது, அணுக்கள் சிதைந்துவிடும். ஒரு பங்கைக் கிருமி வளர்க்க அனுப்பிவிட்டு, மறுபங்கைச் சுழற்றிக் கண்ணாடிச் சில்லில் படியவைத்துச் சாயமேற்றினார்கள். மருத்துவர் எனக்கு நுண்ணோக்கியில் இடம் விட்டார். நான் தாவரவியல் வகுப்பைப் பள்ளியோடு விட்டவன். முதலில் என் இமைமயிர்தான் தெரிந்தது. பிறகு, வெளிறிய நீலத்துக்கிடையே இளஞ்சிவப்புக் குருணைகள் நிறைந்த அணுக்கள், கூட்டங்கூட்டமாக. 1879இல் எர்லிக் என்ற ஜெர்மானியர், ஈயோசின் என்ற சிவப்புச் சாயத்தை ஏற்றுக்கொள்பவை என்பதால் இவற்றுக்குப் பெயர் வைத்தார். ஈயோஸ் என்பவள் கிரேக்கரின் விடியல் தேவதை. விடியலை விரும்பும் அணு. அப்பாவை விடியும்வரை தூங்கவிடாத அணு இதுதானா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அம்மாவையும் பார்க்கச் சொன்னேன். "கண்ணாடி இல்லாம எனக்கு ஒண்ணும் தெரியாது" என்று மறுத்துவிட்டார்.

முழு அறிக்கை ஐந்தாம் நாள் வந்தது. நூறு அணுவில் அறுபத்துநான்கு ஈஸினோஃபில். இங்கே ஒரு நுட்பம் உண்டு. நல்ல உடல்நிலையில் உள்ள மனிதரின் நுரையீரல் கழுவுநீரில் ஈஸினோஃபில் நூற்றுக்கு ஒன்றுகூடத் தேறாது. பூனைக்கு அப்படியில்லை, நோயற்ற பூனையிலும் நூற்றுக்கு இருபதுவரை காணலாம். மனித அளவுகோலைக் கொண்டு படித்தால் ஊரிலுள்ள பாதிப் பூனைகளை நோயாளியாக்கிவிடலாம். அறுபத்துநான்கு என்பது பூனைக் கணக்கிலும் மிகுதி. கிருமி வளரவில்லை. வாயிலிருந்து கலந்த கிருமி எதுவும் தென்படவில்லை; சைமன்சியெல்லா என்று ஒன்றுண்டாம், கம்பளிப்பூச்சி போல வரிவரியாக இருக்கும், அது தெரிந்தால் எச்சில் கலந்துவிட்டது என்று பொருள். புழுவின் குடம்பியும் இல்லை. ஆனால் புழு சில நாள் ஒளிந்துகொள்ளும் என்பதால், பல்லிகளை உத்தேசித்து ஒரு சுற்றுப் புழுமருந்தும் கொடுத்தார். இளைப்பு என்று அவர் எழுதிய சீட்டில் முதன்முறையாகக் கேள்விக்குறி இல்லை.

ஊசி வேண்டாம் என்றார். சில வாரம் மாத்திரை. அதைக் குறைத்துக்கொண்டே வந்து, மனிதர்கள் உள்ளிழுக்கும் அதே மருந்து. குழந்தைகளுக்கான உருளைக் குடுவை ஒன்றின் ஒரு முனையில் மருந்து, மறுமுனையில் சின்ன முகமூடி. அதைப் பூனையின் முகத்தில் வைத்து அழுத்தி, அது ஏழெட்டு முறை மூச்சு விடும்வரை பிடித்திருக்க வேண்டும். கையின் தழும்புகளைக் காட்டி நான் இதன் வரலாற்றை எழுத முடியும், எழுதவில்லை.

வீட்டில் புகை கூடாது என்றும் சொன்னார். கொசுவத்தி போயிற்று, கொசுவலை வந்தது. வெள்ளிக்கிழமைச் சாம்பிராணியைப் பற்றி அம்மாவிடம் சொல்ல எனக்கு நா எழவில்லை. அவராகவே தூபக்காலை எடுத்துக்கொண்டு மொட்டைமாடிக்குப் போனார். இன்றுவரை அங்கேதான். வெறும் வானத்துக்குச் சாம்பிராணி காட்டிவிட்டு, புடவைப் புகை ஆறும்வரை நின்றுவிட்டு இறங்கி வருகிறார். "சனியனே, ஒனக்காகத்தான்" என்று ஒரு சொல் மட்டும்.

அடுத்த மாதமே ஊரடங்கு வந்துவிட்டது. தெருவில் யார் இருமினாலும் ஜன்னல்கள் சாத்தப்பட்ட நாட்கள். மாத்திரை குறைக்கப்பட்டுக்கொண்டிருந்த அந்த இடைவெளியில் சாம்பி இருமும். நாங்கள் ஓடிப்போய்க் கதவை மூடுவோம். "யாருக்கு இருமல்?" என்று எதிர்வீட்டிலிருந்து கேட்பார்கள். பூனைக்கு என்றால் நம்ப மாட்டார்கள். ஏப்ரல் கடைசியில் இருமல் நின்றது. மகளின் நோட்டில் இருபத்துநான்கு, இருபத்திரண்டு என்று எண்கள் இறங்கின. பிறகு அவளுக்கு ஆர்வம் போய், அதே நோட்டில் கோலம் வரைய ஆரம்பித்திருக்கிறாள்.

சென்ற வாரம் முகமூடியின் ரப்பர் கிழிந்துவிட்டது. நூறடிச் சாலைப் பக்கம் மருந்துக்கடைக்குப் போனேன். கடைக்காரர் புதிய பையன். சீட்டை வாங்கிப் பதிவேட்டைத் திறந்தான்.

"பேஷன்ட் பேரு சார்?"

"சாம்பி."

"வயசு?"

"பத்து."

உள்ளே போய் எடுத்து வந்தவன், முகமூடியைக் கையில் திருப்பிப் பார்த்தான். "பத்து வயசுக்கு இது பத்தாதே சார். இது கைக்கொழந்தைக்கு."

"முகம் சின்னது" என்றேன்.